முத்துராக்கு பிரித்த பெட்டி

சேதுபதிக்கு அதிர்ஷ்டத்தின் மேல் நெடுநாள் மனத்தாங்கல். “ஆசை இருக்கு தாசில் பண்ண, அதிர்ஷ்டம் இருக்கு கழுதை மேய்க்க” என்று அறையில் அடிக்கடி சொல்லிச் சிரிப்பான். கழுதைக்குப் பதிலாக அவனுக்கு வாய்த்தவை இரும்புக் குழாய்கள். துபாயில் எழும்பும் கட்டடங்களுக்குச் சாரம் கட்டுவது அவன் தொழில். கல்யாணமான மறுவருஷம் முதுகுளத்தூர்ப் பக்கத்திலிருந்து விமானம் ஏறியவன், 2006-இல் மீசை நரைத்தும் அங்கே சோனாப்பூர் தொழிலாளர் கேம்ப்பில்தான் இருந்தான். மற்றவர்கள் கீழே பார்க்கவே பயப்படும் உயரத்தில் நின்று பாட்டுப் பாடுகிற ஆள், தரைக்கு வந்தால் தனக்கென்று எதையும் கேட்க மாட்டான். அறையில் கறிக்குழம்பு வைத்தால் எல்லோரும் எடுத்த பிறகு சட்டியை வழித்துப் போட்டுக்கொள்வான். அதில் அவனுக்கு ஒரு பெருமையும் உண்டு.

அப்படிப்பட்டவனுக்குத்தான் பரிசு விழுந்தது. அறைக்காரர்கள் சேர்ந்து சமைக்கிற மெஸ்ஸுக்கு அந்த வெள்ளிக்கிழமை சாமான் வாங்குவது அவன் முறை. அரிசியும் கோழியும் வாங்கியதற்குச் சூப்பர் மார்க்கெட்டில் ஒரு குலுக்கல் கூப்பன் கொடுத்தார்கள். பெயரையும் செல் நம்பரையும் எழுதிக் கொடுத்தான், மறந்தும் போனான். சில வாரம் கழித்துச் சாரத்தின் மேல் நிற்கும்போது போன் வந்தது. ஏமாற்றுக்காரன் எவனோ என்று நினைத்து, எனக்கு ஒன்றும் தெரியாது என்று அரபியில் “மாலும் மாஃபி” சொல்லித் துண்டித்தான். மறுபடி அடித்துத் தமிழிலேயே பேசிய பிறகுதான் நம்பினான்.

பரிசுச் சீட்டு முழுக்க ஆங்கிலம். அதைத் தூக்கிக்கொண்டு தேரா கடைவீதிக்குப் போனான். அங்கே கீழக்கரைக்காரர் செய்கு அலாவுதீன் சின்னதாக ஒரு டிராவல்ஸ் வைத்திருந்தார். சேதுபதி ஒவ்வொரு லீவுக்கும் டிக்கெட் போடுவது அவரிடம்தான். மூக்குக்கண்ணாடியை மாட்டிக்கொண்டு படித்தவர் நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்தார்.

“தம்பி, இது கொடி புடிச்சுக் கூட்டமாக் கூட்டிட்டுப் போற டூர் இல்ல. ரெண்டு பேருக்குத் தனிக் கார், தனி கைடு. சீனாவுல முக்கியமானதை மட்டும் சுருக்கமா ஒரு வாரத்துக்குள்ள காட்டி அனுப்புவாங்க. அரண்மனை, மண்ணு சிப்பாய்ங்க, பெருஞ்சுவரு. உங்களையும் உங்க வீட்டம்மாவையும் தவிர ஒரு ஈ காக்கா அந்தக் கார்ல ஏறாது.”

சீனாவைப் பற்றிச் சேதுபதிக்குத் தெரிந்ததெல்லாம் டார்ச் லைட்டும் தெர்மாஸ் பிளாஸ்க்கும்தான். அவன் மனத்தில் பதிந்தது சீனா அல்ல. ஈ காக்கா ஏறாது என்பதுதான்.

வளைகுடாக்காரன் லீவில் ஊருக்குப் போனால் என்ன நடக்கும் என்று அனுபவித்தவர்களுக்குத் தெரியும். விமான நிலையத்துக்கு வேன் வைத்து உறவே திரண்டு வரும். அந்த வேனில் பெண்டாட்டிக்கு இடம் இருக்காது. வீட்டுக்குப் போனதும் பெட்டி பிரிக்கிற சடங்கு. நைலான் கயிறு போட்டு இறுக்கிக் கட்டிய அட்டைப்பெட்டியைக் கூடத்தின் நடுவே வைத்து, அண்ணன் கருப்பையா கத்தியோடு உட்காருவான். பக்கத்தில் அண்ணி பாக்கியம். சுற்றிலும் தங்கைகள், மாப்பிள்ளைகள், சித்தப்பா மக்கள். சேலை ஒருவருக்கு, சென்ட் ஒருவருக்கு, தைலம் ஒருவருக்கு என்று ஒவ்வொன்றும் கை மாறிப் போகும். சேதுபதியின் மனைவி முத்துராக்கு அடுப்படியிலிருந்து எல்லோருக்கும் காப்பி கொண்டுவந்து கொடுத்துக்கொண்டே இருப்பாள். கடைசியில் அவளுக்கு வருவது காலிப் பெட்டியும் கயிறும். கயிறு, துணி காயப்போடக் கொடி கட்ட உதவும்.

பிறகு கோயில், காதுகுத்து, கல்யாணம், பஞ்சாயத்து என்று லீவு ஓடிவிடும். புருஷனும் பெண்டாட்டியும் நின்று பேச நேரம் கிடைக்கும்போது அவன் திரும்பிப் போக மூட்டை கட்டிக்கொண்டிருப்பான். மகள் வளர்ந்து மதுரையில் விடுதியில் தங்கிப் படிக்கிற வயது வந்தாகிவிட்டது. இத்தனை காலத்தில் அவர்கள் இருவரும் தனியாக ஒரு சினிமாவுக்குக்கூடப் போனதில்லை. இந்த ஒரு தடவையாவது முத்துராக்கை முன்னால் வைக்க வேண்டும், யாரும் குறுக்கே வராமல் அவளும் தானுமாகப் போய்வர வேண்டும் என்று சேதுபதி அந்த நாற்காலியில் உட்கார்ந்தபடியே முடிவு கட்டினான்.

அறையில் முதலில் ஒரு தகராறு வருமோ என்று பயந்தான். கூப்பன் மெஸ் காசில் வந்தது. ஆளாளுக்கு உரிமை உண்டு. ஆனால் அரியலூர்க்காரன் அருள்முருகன் எல்லோருக்குமாகச் சேர்த்துத் தீர்ப்புச் சொன்னான்.

“நாங்க அத்தனை பேரும் சீனாவுக்குப் போயி என்ன கிழிக்கப் போறோம்? நீங்க அண்ணியக் கூட்டிட்டுப் போங்கண்ணே. அண்ணி அங்கேருந்து ஊருக்குத்தான போவாங்க, இதைக் குடுத்துடுங்க அதைக் குடுத்துடுங்கன்னு ஒருத்தனும் பார்சல் தரக் கூடாது. கலாஸ், பேச்சு முடிஞ்சுது.”

லீவில் போகிறவனிடம் பார்சல் கொடுக்காமல் விடுவது கேம்ப்பில் யாரும் யாருக்கும் செய்யாத மரியாதை. சேதுபதிக்கு அது பரிசைவிடப் பெரிதாகப் பட்டது.

ஊர் அப்படி விடுமா? செய்தி கேட்ட அன்றைக்கே கருப்பையா போனில் பேசினான்.

“பொம்பளைக்குச் சீனாவுல என்னடா சோலி? அவளை முதுகுளத்தூரு பஸ் ஸ்டாண்டுல விட்டாலே தெசை தெரியாது. நான் வாறேன் ஒங்கூட.”

“ஒங்ககிட்டப் பாஸ்போட்டு இருக்காண்ணே?”

“எடுத்தாப் போச்சு.”

முத்துராக்கிடம் இருந்தது. என்றைக்காவது துபாயைக் காட்டலாம் என்று சேதுபதி முன்பே எடுத்துக் கொடுத்து, பீரோவில் சேலைகளுக்கு அடியில் அழுக்குப் படாமல் கிடந்தது.

“இது அவளுக்குண்ணே” என்றான் சேதுபதி. “அவதேன் வருவா.”

அண்ணனிடம் அவன் இல்லை என்று சொன்னது அதுதான் முதல் தடவை. மறுமுனையில் போன் கை மாறி முத்துராக்கின் குரல் வந்தது.

“ஏங்க, நான் எப்பிடிங்க தனியா அம்புட்டுத் தூரம் வருவேன்?” என்றாள். பிறகு குரலைத் தாழ்த்திக்கொண்டு, “பிளேன்ல சன்னலோரமாக் கெடைக்குமா?” என்று கேட்டாள்.

கம்பெனிதான் முட்டுக்கட்டை போட்டது. லீவுக்கு முறை வரவில்லை, பாஸ்போர்ட் ஆபீஸ் பூட்டுக்குள் இருக்கிறது, “சைனா மாஃபி”, சைனா கிடையாது என்று கேம்ப் அதிகாரி கையை விரித்தார். செய்கு அலாவுதீன் அதற்கு ஒரு வழி கண்டுபிடித்தார். சூப்பர் மார்க்கெட்காரர்கள் பரிசு கொடுப்பதைப் படம் எடுத்துப் பத்திரிகையில் போட இருந்தார்கள். தொழிலாளியோடு கம்பெனி மேனேஜரும் படத்தில் நிற்கலாமே என்று அவர்களை விட்டு ஒரு வார்த்தை சொல்லவைத்தார். மேனேஜர் புது டை கட்டிக்கொண்டு வந்து, சேதுபதியின் தோளில் கை போட்டுச் சிரித்தார். ஒரு வார லீவும் பாஸ்போர்ட்டும் மறுநாளே கைக்கு வந்தன. ஆடுகிற மாட்டை ஆடிக் கற, பாடுகிற மாட்டைப் பாடிக் கற என்று சும்மாவா சொன்னார்கள்!

பெய்ஜிங்கில் சேதுபதி முதலில் போய் இறங்கினான். இருவர் பெயரையும் எழுதிய அட்டையோடு கைடு காத்திருந்தாள். லின் என்று பெயர், கல்லூரி முடித்துச் சில வருஷம் ஆகியிருக்கும். முத்துராக்கு சென்னையில் ஏறிக் கோலாலம்பூரில் விமானம் மாறி வர வேண்டும். நேரம் ஆக ஆகச் சேதுபதி கண்ணாடிக் கதவுக்கு முன்னால் குறுக்கும் நெடுக்கும் நடந்தான். வழி தெரியாமல் எங்காவது உட்கார்ந்து அழுதுகொண்டிருந்தால்? அண்ணன் சொன்னதே பலித்துவிட்டால்? அண்ணன் முகத்தில் எப்படி விழிப்பது என்பதுகூட அப்புறம், ராக்குக்கு என்ன பதில் சொல்வது?

கண்ணாடிக் கதவு திறந்தது. சுங்குடிச் சேலை, தலை நிறைய வாடிப்போன மல்லிகை, தள்ளுவண்டியில் ஒரு துணிப்பை. முத்துராக்கு அந்த வண்டியைத் தேர் இழுக்கிற தோரணையில் தள்ளிக்கொண்டு வந்தாள்.

“பயமா இருந்துச்சா ராக்கு?”

“இருந்துச்சு. டிக்கெட்ட நீட்டுனேன், ஒருத்தரு கையக் காட்டுனாரு. அங்கிட்டுப் போயி இன்னொருத்தருகிட்ட நீட்டுனேன், அவரும் கையக் காட்டுனாரு. வந்துட்டேன்.”

சேதுபதி வாய்விட்டுச் சிரித்தான். வாயுள்ள பிள்ளை பிழைக்கும் என்பார்கள். பேசத் தெரியாத ஊரிலும் அவள் பிழைத்து வந்திருந்தாள். அப்போதுதான் அவளுடைய பார்வை அவன் வண்டியின் மேல் போனது. அதில் ஒரு அட்டைப்பெட்டி இருந்தது. நைலான் கயிறு, குறுக்கும் நெடுக்குமாக ஒட்டிய டேப், மேலே கொட்டை எழுத்தில் ஊர் பேர்.

“இது என்னத்துக்கு?”

“நீ ஊருக்குத் திரும்பறப்பக் கொண்டுபோகத்தேன். வெறுங்கையோட போனா என்ன நெனப்பாக?”

முத்துராக்கு கயிற்று முடிச்சைத் தொட்டுப் பார்த்தாள். அவள் முகத்தில் இருந்த வெளிச்சம் கொஞ்சம் குறைந்ததைச் சேதுபதி பிரயாணக் களைப்பு என்று எடுத்துக்கொண்டான். பழக்கம் அப்படி. லீவு என்றால் பெட்டி கட்ட வேண்டும். கை தானாகவே போய்க் கட்டிவிட்டது.

முதல் நாள் காரின் பின்சீட்டில் இருவரும் ஆளுக்கொரு ஜன்னலோரம் உட்கார்ந்து வந்தார்கள். நடுவில் இன்னும் இரண்டு பேர் உட்காரலாம். போன் பேசும்போதெல்லாம் கொழுந்தன் மகனுக்குக் காய்ச்சல், மாமன் வீட்டில் விசேஷம் என்று பேச ஏதாவது இருக்கும், போன் கார்டும் தீர்ந்துபோகும். இங்கே கார்டும் தீரவில்லை, பேச உறவும் இல்லை. புதுப் பொண்ணு மாப்பிள்ளைபோல வெட்கமாக இருந்தது. “சீனாவுக்கு இதுதான் முதல் தடவையா?” என்று லின் ஆங்கிலத்தில் கேட்டாள். “எங்கே போனாலும் இதுதான் முதல் தடவை” என்று சேதுபதி தன் சைட் இங்கிலீஷில் சொன்னான். முத்துராக்கு திரும்பிப் பார்த்தாள்.

“நீங்க இங்கிலீசு பேசுவீகளா!”

“வேலைக்கு வேணும்ல.”

“சொல்லவே இல்ல” என்றாள். அந்தக் குரலில் இருந்த பெருமை சேதுபதியைக் குளிப்பாட்டியது.

அரண்மனையில் வாசலுக்குள் வாசலாக முடிவில்லாமல் போய்க்கொண்டிருந்தது. ராஜாவுக்கு எத்தனை மனைவிகள் என்று லின் சொன்னதைச் சேதுபதி மொழிபெயர்த்தபோது, “அம்புட்டுப் பேருக்கும் யாரு காப்பி போட்டுக் குடுத்தா?” என்று முத்துராக்கு கேட்டாள். அன்றிலிருந்து அவர்களுக்குப் பேச்சு வந்துவிட்டது. மறுநாள் இன்னொரு ஊருக்கு விமானத்தில் கூட்டிப்போய் மண்ணால் செய்த சிப்பாய்களைக் காட்டினார்கள். பூமிக்கடியில் வரிசை வரிசையாக, ஆளுக்கொரு முகத்தோடு நின்றார்கள். சேதுபதிக்கு விடியற்காலையில் சோனாப்பூரில் கம்பெனி பஸ்ஸுக்காக நிற்கிற வரிசை நினைவுக்கு வந்தது. சொன்னான். எந்த பஸ், எங்கே நிற்பீர்கள், பக்கத்தில் யார் நிற்பார்கள் என்று அவள் ஒவ்வொன்றாகக் கேட்டாள். இத்தனை வருஷத்தில் யாரும் அவனிடம் அதைக் கேட்டதில்லை. சாப்பிடும் இடத்தில் முத்துராக்கு ஊரிலிருந்து கொண்டுவந்த முண்டு மிளகாய்ப் பொடியை நூடுல்ஸ் மேல் தூவினாள். டிரைவருக்கும் கொடுத்தாள். அவர் கண்ணில் நீர் வழிய இன்னும் கொஞ்சம் கேட்டு வாங்கினார்.

மறுபடி பெய்ஜிங் வந்து சேர்ந்தார்கள். பெருஞ்சுவருக்குப் போகிற நாள் காலையில் லின் கீழேயிருந்து போன் செய்தாள். மேலே காற்று அடிக்கும், குளிருக்கு ஏதாவது போட்டுக்கொள்ளுங்கள் என்றாள். முத்துராக்கின் துணிப்பையில் இருந்தது மூன்று பருத்திச் சேலை.

“பெட்டியில ஸ்வெட்டரு இருக்கா?”

“இருக்கு... அண்ணனுக்கு வாங்குனது.”

முதுகுளத்தூர் வெயிலில் ஸ்வெட்டர் எதற்கு என்று அந்த வீட்டில் யாரும் கேட்டதில்லை. துபாயிலிருந்து வந்தால் போதும்.

“பிரிக்கப் போறேன்” என்றாள் முத்துராக்கு.

“வேணாம் ராக்கு. ஊர்ல போயி அண்ணன் பிரிக்கட்டும்.”

“ஏன், எனக்குப் பிரிக்கத் தெரியாதா?”

கத்தி இல்லை. குனிந்து முடிச்சைப் பல்லால் கடித்து இழுத்தாள். கயிறு விட்டது. டேப்பை ஒரே உருவாக உருவினாள். ஒவ்வொரு சாமானாக எடுத்துக் கட்டில் மேல் வைத்தாள். இது யாருக்கு? பெரிய மாப்பிள்ளைக்கு. இந்தப் போர்வை? சின்னவ வீட்டுக்கு. சென்ட்? சித்தப்பா மகனுக்கு. சரிகை ஓரம் போட்ட சிவப்பு ஜார்ஜெட் சேலை வந்தது. அண்ணிக்கு. பெட்டியின் அடி தெரிந்தது. முத்துராக்கு உள்ளே கையை விட்டுத் துழாவிவிட்டு நிமிர்ந்தாள்.

“எனக்கு எங்கங்க?”

அவளுக்காக அண்ணனை எதிர்த்தவன், கம்பெனியோடு மல்லுக்கட்டியவன், பெட்டி கட்டும்போது அவளை மறந்திருந்தான்.

“நம்ம ரெண்டு பேரும் ஒண்ணுதான ராக்கு” என்று மென்று விழுங்கினான். “எனக்கே நான் ஒண்ணும் வாங்கிக்கல.”

“நீங்க வாங்கிக்காதது ஒங்க இஷ்டம். எனக்கு வேணும்.”

அவள் அழவில்லை, கத்தவில்லை. ஆனால் கோபம் இருந்தது. கல்யாணமான நாளிலிருந்து காப்பித் தம்ளரோடு கதவோரம் நின்ற கோபம். எனக்கு வேணும் என்ற சொல்லை அவள் வாயிலிருந்து சேதுபதி அதுவரை கேட்டதே இல்லை. சட்டியை வழித்துத் தின்பதைப் பெருமையாக நினைத்தவன், அவளையும் பக்கத்தில் உட்காரவைத்து அந்தச் சட்டியையே வழிக்கச் சொல்லியிருக்கிறான். அது அப்போதுதான் அவனுக்கு உறைத்தது. வெட்கம் பிடுங்கித் தின்றது. எழுந்துபோய்ச் சிவப்புச் சேலையை எடுத்து அவள் கையில் வைத்தான்.

“இது ஒன் பெட்டி. ஒனக்கு வேணுங்கறதை எடு. மிச்சம் இருந்தா அவுகளுக்கு.”

முத்துராக்கு அவனை ஒரு நிமிஷம் உற்றுப் பார்த்தாள். பிறகு எடுத்தாள் பாருங்கள்! சேலையை எடுத்தாள், ஸ்வெட்டரை எடுத்தாள், சென்ட்டைத் திறந்து இரண்டு பக்கமும் அடித்துக்கொண்டாள். நேரமாகிறதே என்று கூப்பிட மேலே வந்த லின், கட்டில் நிறையச் சாமான்களைப் பார்த்துத் திகைத்தாள். போர்வையைப் புரட்டினாள், பிளாஸ்க்கைத் தலைகீழாகப் பார்த்தாள், டார்ச் லைட்டைப் பார்த்தாள், வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். எல்லாம் சீனாவில் செய்தவை. கொல்லன் தெருவில் ஊசி விற்கப் போனவன்கூட இவ்வளவு தூரம் சுமந்திருக்க மாட்டான். சேதுபதியும் சிரித்தான். முத்துராக்கு சிரித்துக்கொண்டே லின்னுக்கு ஒரு சென்ட் பாட்டில் கொடுத்தாள். டிரைவருக்குத் தைலம். அவள் கையால் எடுத்து அவள் இஷ்டத்துக்கு ஒருவருக்குக் கொடுப்பதும் அதுதான் முதல் தடவை.

பெருஞ்சுவர் மலைமேல் ஏறி இறங்கி வளைந்து கண்ணுக்கு எட்டாத தூரம் போனது. படிகள் செங்குத்து. காற்று ஆளைத் தள்ளியது. அண்ணியின் சிவப்புச் சேலை, அதன்மேல் அண்ணனின் ஸ்வெட்டர், காலில் லின் கொடுத்த கேன்வாஸ் ஷூ. முத்துராக்கு சேலையைச் சற்றுத் தூக்கிச் செருகிக்கொண்டு ஏறினாள். அவளோடு நின்று படம் எடுத்துக்கொள்ளச் சீனப் பெண்கள் வரிசையில் நின்றார்கள். எல்லாப் படத்திலும் தலையை நிமிர்த்தி நின்றாள்.

மேலே ஒரு கோபுரத்தருகே மூச்சு வாங்க நின்றார்கள்.

“இதையும் சாரம் கட்டித்தேன் எழுப்பிருப்பாகளோ?” என்று கேட்டாள்.

“கட்டிருப்பாக. ஆனா கட்டுனவன் பொண்டாட்டி வந்து பாத்துருப்பாளான்னு தெரியல.”

“நான் வந்து பாத்துட்டேன்ல” என்றாள் முத்துராக்கு, என்னவோ அவனே கட்டியதுபோல. சேதுபதிக்குக் கண் கலங்கியது. துடைத்துக்கொள்ளவில்லை. “ஒனக்கு இந்தச் சேலை ரொம்ப நல்லா இருக்கு ராக்கு” என்றான். அதையும் அவன் முன்பு சொன்னதில்லை.

அந்த நேரம் பார்த்து லின்னின் செல்போன் அடித்தது. அவசரத்துக்கு இருக்கட்டும் என்று சேதுபதி அவள் நம்பரை வீட்டில் கொடுத்திருந்தான். “இந்தியா” என்று சொல்லி லின் போனை நீட்டினாள். சேதுபதி வாங்கிக் காதில் வைத்தான்.

“எல்லாம் பாத்தாச்சா?” என்றது கருப்பையாவின் குரல், முதுகுளத்தூர் எஸ்.டி.டி. பூத்திலிருந்து. “பெட்டிய அவ பத்திரமாக் கொண்டாந்துருவாளா? வேன் பேசிருக்கேன். நாந்தேன் பிரிக்கணும், அவளைத் தொட வேணாம்னு சொல்லு.”

சேதுபதி வாயைத் திறந்தான். முத்துராக்கு கையை நீட்டினாள்.

“குடுங்க இங்கிட்டு.”

கொடுத்துவிட்டான். அந்தப் பக்கமும் போன் கை மாறியிருந்தது. அண்ணி பாக்கியத்தின் குரல் காற்றையும் மீறி வெளியே கேட்டது.

“ராக்கு, எனக்குச் சேலை என்ன கலருடி எடுத்திருக்காரு?”

“செகப்புக்கா. சரிகை ஓரம். வெயில்ல அப்பிடியே சொலிக்குது.”

“ஒனக்கு எப்பிடித் தெரியும்? பெட்டியப் பிரிச்சுட்டியா?”

“பிரிச்சுட்டேன்க்கா. கட்டியிருக்கதும் நாந்தேன். எனக்கு ரொம்ப நல்லா இருக்குதாம், அவுக சொல்றாக.”

முத்துராக்கு போனை லின்னிடம் கொடுத்துவிட்டு, அடுத்த கோபுரத்தைப் பார்த்து ஏற ஆரம்பித்தாள். சேதுபதி ஓடிப் பிடிக்க வேண்டியிருந்தது.